லீட்ஸிக்திஸ் மீனைப் பள்ளிச் சுவரில் எத்தனை மீட்டர் நீளத்தில் வரைவது?

செந்தூல் டீச்சர்
திங்கள், இரவு 9.12

வணக்கம். எங்கள் தமிழ்ப்பள்ளியில் அடுத்த மாதம் அறிவியல் வாரம். திடல் ஓரத்து மதில் சுவரில் பெரிதாக ஓர் ஓவியம் வரையத் தலைமையாசிரியர் அனுமதி கொடுத்துவிட்டார். பாதிப் பேர் டைனோசர்தான் வேண்டும் என்றார்கள். நான் மீன் என்று சொல்லிவிட்டேன். டைனோசர் படம் இல்லாத பள்ளி இப்போது கோலாலம்பூரில் இல்லை. மீனைப் பற்றி யாரும் வாயே திறப்பதில்லை.

தேர்ந்தெடுத்த மீன் லீட்ஸிக்திஸ். ஜுராசிக் காலக் கடலில் சுமார் 16 கோடி ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்து அழிந்துபோன பேரினம். கதிர்த்துடுப்பு மீன்களில், அதாவது நாம் சமைக்கிற கெம்போங், சியாக்காப், கெண்டை எல்லாம் சேர்ந்த பெரிய கூட்டத்தில், இதுவரை தெரிந்த ஆகப் பெரியது இதுதான்.

சிக்கல் நீளத்தில் வந்து நிற்கிறது. பெற்றோர் ஆசிரியர் சங்கத்தில் ஒருவர் கொண்டுவந்த சுவரொட்டியில் 27 மீட்டர் என்று போட்டிருக்கிறது. நூலகத்துப் பழைய புத்தகம் ஒன்று 9 மீட்டர் என்கிறது. இணையத்தில் தேடினால் 16.5 வருகிறது. எங்கள் சுவர் 20 மீட்டர் நீளம், 2.2 மீட்டர் உயரம். உண்மை அளவிலேயே வரைய வேண்டும் என்பது பிள்ளைகளின் ஆசை. எதை நம்பி வரைவது? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

கெப்போங்காரர்
திங்கள், இரவு 9.40

27 மீட்டரே போடுங்கள் டீச்சர். சுவர் போதவில்லை என்றால் பக்கத்துச் சுவருக்கு வாலைத் திருப்பிவிடலாம். பிள்ளைகள் அண்ணாந்து பார்க்க வேண்டும், அதுதான் முக்கியம்.

கல்லும் கடலும்
திங்கள், இரவு 11.05

டீச்சர், நான் நிலவியல் படித்தவன், பெட்டாலிங் ஜெயாவில் இருக்கிறேன். நீளத்தைச் சொல்வதற்கு முன்னால் இந்த மீன் எப்படிக் கிடைத்தது என்பதைச் சொல்லிவிடுகிறேன். மூன்று எண்கள் ஏன் வந்தன என்பது அந்தக் கதையில்தான் இருக்கிறது.

இங்கிலாந்தில் பீட்டர்பரோ என்ற ஊரைச் சுற்றி ஆக்ஸ்ஃபர்ட் களிமண் என்ற ஜுராசிக் காலக் களிமண் படுகை இருக்கிறது. 19ஆம் நூற்றாண்டில் அதைச் செங்கல்லுக்காகத் தோண்டினார்கள். தொழிலாளர்கள் கையால் வெட்டியதால் எலும்பு தட்டுப்பட்டால் உடனே தெரிந்துவிடும். பக்கத்தில் ஐபரி என்ற இடத்தில் பண்ணை வைத்திருந்த ஆல்ஃபிரட் லீட்ஸ் என்ற விவசாயி அந்தக் குழிகளுக்குப் போய் எலும்புகளைச் சேகரிப்பார். கழுவி, துண்டு துண்டாகப் பொருத்தி, வீட்டு மாடியில் வைத்திருப்பார். பல்கலைக்கழகம் எதிலும் வேலை பார்த்தவர் இல்லை. ஆனால் அவருடைய சேகரிப்பு இல்லாமல் ஜுராசிக் கடல் உயிர்களைப் பற்றி இன்று நமக்குத் தெரிந்ததில் பெரும்பகுதி இருந்திருக்காது. பிள்ளைகளிடம் அவர் பெயரைக் கட்டாயம் சொல்லுங்கள்.

அவருக்குக் கிடைத்த சில பெரிய, தட்டையான எலும்புத் தகடுகளை 1887இல் ஜான் ஹல்க் என்ற அறிஞர் பார்த்துவிட்டு, ஸ்டெகோசார் வகை டைனோசரின் முதுகுத் தகடுகள் என்று எழுதினார். மறு ஆண்டு ஆகஸ்டில் அமெரிக்காவிலிருந்து ஒத்னியல் மார்ஷ் லீட்ஸ் வீட்டுக்கு வந்தார். ஸ்டெகோசாரஸுக்குப் பெயர் வைத்தவரே அவர்தான். தகடுகளைப் பார்த்ததும், இது டைனோசர் இல்லை, பெரிய மீனின் தலை எலும்பு என்று சொல்லிவிட்டார். 1889இல் லண்டன் அருங்காட்சியகத்தின் ஆர்தர் ஸ்மித் உட்வர்ட் அதை முறையாக விவரித்து, லீட்ஸின் பெயரையே பேரினத்துக்கு வைத்தார்.

இப்போது நீளம். இந்த மீனின் எலும்புக்கூட்டில் நிறையப் பகுதி குருத்தெலும்பாகவே இருந்தது. முதுகெலும்பின் கண்ணிகள் முழுமையாக எலும்பாக மாறவில்லை. செத்துக் கடலடியில் விழுந்த பிறகு மிஞ்சியவை மெல்லிய தகடுகளும் துடுப்புக் கதிர்களும் செவுள் பகுதியும்தான். அவையும் களிமண்ணின் எடையில் நசுங்கி ஆயிரம் துண்டாகியிருக்கும். தலை முதல் வால் வரை முழு மீனை இதுவரை யாரும் எடுத்ததில்லை. ஆகவே நீளம் எல்லாமே, கிடைத்த ஒரு பகுதியை வைத்து மற்றதைக் கணக்கிட்டதுதான்.

உட்வர்டிடம் ஒரு வால் இருந்தது. 1898இல் லீட்ஸ் எடுத்தது. விரிந்த நிலையில் அதன் உயரம் சுமார் 2.7 மீட்டர். உறவுக்கார மீனான ஹிப்சோகார்மஸின் வாலோடு ஒப்பிட்டு, முழு மீன் 9 மீட்டர் இருக்கும் என்றார். உங்கள் நூலகப் புத்தகத்தில் இருப்பது அந்தக் கணக்கு.

மற்ற இரண்டையும் நாளைக்கு எழுதுகிறேன்.

கெப்போங்காரர்
செவ்வாய், காலை 7.20

அருமையான விவரம், நன்றி. ஆனாலும் ஒன்று கேட்கிறேன். 27 மீட்டர் என்பதும் ஓர் ஆய்வாளர் எழுதியதுதானே? எவனோ கட்டிவிட்ட கதை இல்லையே. நம் பிள்ளைகள் தோட்டத்திலிருந்து வந்த குடும்பங்களின் மூன்றாம், நான்காம் தலைமுறை. அறிவியல் என்றால் பரீட்சைக்கு மனப்பாடம் செய்வது என்றே பலருக்குப் பழகிவிட்டது. ஒரே ஒரு நாளாவது வாய் பிளந்து நிற்கட்டும் என்று நினைக்கிறேன். எப்படியும் எல்லாமே மதிப்பீடு என்றால், பெரிய மதிப்பீட்டை எடுப்பதில் என்ன குறை?

கல்லும் கடலும்
செவ்வாய், இரவு 10.31

ஐயா, நீங்கள் சொல்வதில் நியாயம் இருக்கிறது. 27 கட்டுக்கதை இல்லைதான். 1986இல் டேவிட் மார்ட்டில் என்ற ஆய்வாளர் ஆஸ்தெனோகார்மஸ் என்ற இன்னோர் உறவு மீனோடு ஒப்பிட்டார். அந்த மீனின் உடல் விகிதம் கொஞ்சம் வேறு மாதிரி. எந்த உறுப்பை வைத்துக் கணக்குப் போடுகிறோமோ அதைப் பொறுத்து விடை மாறியது: ஒரு கணக்கில் 13.5 மீட்டர், செவுள் கூட்டை வைத்துப் போட்ட கணக்கில் 27.6 மீட்டர். அவர் கொடுத்தது ஓர் எல்லையிலிருந்து இன்னோர் எல்லை வரை. தொலைக்காட்சியும் சுவரொட்டிகளும் மேல் எல்லையை மட்டும் பிடித்துக்கொண்டன. 13.5 என்று போட்ட சுவரொட்டியை நீங்கள் பார்த்திருக்க மாட்டீர்கள்.

எல்லாமே மதிப்பீடு என்றால் எல்லாமே சமம் என்று ஆகிவிடாது. இதை நான் கொஞ்சம் அழுத்தியே சொல்கிறேன்.

2001இல் பீட்டர்பரோ பக்கத்தில் விட்டில்சீ என்ற இடத்துச் செங்கல் குழியில், மாணவர்கள் இருவர் குழிச் சுவரிலிருந்து எலும்பு நீட்டிக்கொண்டிருப்பதைக் கண்டார்கள். 2002, 2003 இரண்டு ஆண்டும் ஜெஃப் லிஸ்டன் தலைமையில் தோண்டினார்கள். 2,000க்கும் மேல் துண்டுகள் கிடைத்தன. லிஸ்டன் அதோடு விடவில்லை. லண்டன், கிளாஸ்கோ அருங்காட்சியகங்களில் லீட்ஸ் காலத்திலிருந்து கிடந்த எலும்புகளையும் எடுத்தார். அவரும் கூட்டாளிகளும் சில எலும்புகளை மெல்லிய சீவல்களாக வெட்டி, நுண்ணோக்கியில் வளர்ச்சிக் கோடுகளை எண்ணினார்கள். 2013இல் முடிவு வெளிவந்தது. அவர்கள் பார்த்த மீன்களில் சில 20 வயதை ஒட்டியவை, சில 40ஐ நெருங்கியவை. 20 வயதைத் தாண்டும் கட்டத்தில் 8 முதல் 9 மீட்டர். ஆகப் பெரியது சுமார் 16.5 மீட்டர்.

அதுவும் மதிப்பீடுதான். ஆனால் அதற்குள் வயது இருக்கிறது, வளர்ச்சி வேகம் இருக்கிறது, ஒன்றுக்கு மேற்பட்ட மீன் இருக்கிறது. ஒரே எலும்பை வேறு விகிதமுள்ள ஒரே மீனோடு பொருத்திப் பெருக்கியதில் இவை எதுவும் இல்லை.

வாய் பிளக்க வைக்க வேண்டும் என்றீர்கள். 16 கோடி ஆண்டுக்கு முன் செத்த மீனின் வயதை எலும்புக்குள்ளேயே எண்ணிவிடலாம் என்பதைக் கேட்டால் பிள்ளைகள் வாய் பிளக்க மாட்டார்களா? எனக்கு இன்றைக்கும் அதுதான் பெரிய வியப்பு.

நீலக்குறிஞ்சி
புதன், மாலை 4.15

அண்ணா, நான் ஐந்தாம் படிவம் படிக்கிறேன், பிரிக்பீல்ட்ஸ். எங்கள் வட்டாரமும் செங்கல் சூளை இருந்த இடம்தானே? இங்கும் களிமண்ணைத் தோண்டித்தானே கல் அறுத்தார்கள். இங்கு ஏன் இப்படி எதுவும் கிடைக்கவில்லை? மலேசியாவில் லீட்ஸிக்திஸ் கிடைக்க வாய்ப்பு இருக்கிறதா?

கல்லும் கடலும்
புதன், இரவு 9.48

நல்ல கேள்வி தங்கச்சி. காலமும் கிட்டத்தட்ட ஒன்றுதான். 1881இல் கோலாலம்பூரில் தீயும் வெள்ளமும் வந்து பலகை, அத்தாப்பு வீடுகள் போன பிறகு, இனிமேல் செங்கல்லில் கட்ட வேண்டும் என்று ஆனது. உங்கள் வட்டாரத்தில் சூளைகள் வந்தன. அதே பத்தாண்டில்தான் லீட்ஸ் பீட்டர்பரோ குழிகளில் எலும்பு பொறுக்கிக்கொண்டிருந்தார்.

ஆனால் மண் வேறு. பிரிக்பீல்ட்ஸ் களிமண் கிள்ளான் ஆறு கொண்டுவந்து போட்ட வண்டல். நிலவியல் கணக்கில் நேற்று வந்தது. அதற்கு அடியில் இருப்பது கோலாலம்பூர் சுண்ணாம்புப் பாறை; பத்துமலை நிற்பதும் அந்தப் பாறைதான். அது சிலூரியன் காலத்தது, 40 கோடி ஆண்டுக்கும் மேல் பழையது. கடலில் உண்டானதுதான், ஆனால் பிறகு வெப்பத்திலும் அழுத்தத்திலும் பளிங்காக மாறிவிட்டது. அப்படி மாறும்போது உள்ளே இருந்த உயிர்ச்சுவடுகள் பெரும்பாலும் அழிந்துவிடும். ஆக, உன் காலுக்குக் கீழே ஒன்று லீட்ஸிக்திஸை விட மிக இளைய மண், அதற்குக் கீழே மிக மூத்த பாறை. நடுவில் வேண்டிய பக்கம் இல்லை.

தீபகற்பத்தில் ஜுராசிக் பாறைகளும், அதற்கு அடுத்த காலமான கிரெட்டேசியஸ் பாறைகளும் கிழக்கே பகாங், திரெங்கானு பக்கம் உண்டு. அவை பெரும்பாலும் ஆறும் ஏரியும் கொண்டுவந்த படிவு. திறந்த கடலில் மிதவை உயிர்களைத் தின்று திரிந்த மீனை அங்கே தேடுவது வீண். ஆனால் மனம் தளர வேண்டாம். 2014இல் மலாயாப் பல்கலைக்கழகக் குழு பகாங்கில் கிடைத்த ஒரு டைனோசர் பல்லை அறிவித்தது. ஸ்பைனோசார் வகை, மீன் தின்னி. அதே பகாங் படிவுகளிலிருந்து நன்னீர்ச் சுறாப் பற்களும் கதிர்த்துடுப்பு மீன்களின் எச்சங்களும் பிறகு விவரிக்கப்பட்டன. அந்த மீன்கள் லீட்ஸிக்திஸின் பக்கத்தில் மிகச் சிறியவை. இருந்தாலும் நம் நாட்டு மண்ணில் கிடைத்தவை. நிலவியல் படிக்க நினைத்தால் சொல், என்ன பாடம் எடுக்க வேண்டும் என்று தனியாக எழுதுகிறேன்.

லீட்ஸிக்திஸ் இங்கிலாந்து தவிர பிரான்ஸ், ஜெர்மனி, சிலி நாடுகளிலும் கிடைத்திருக்கிறது. சிலியில் அட்டகாமா பாலைவனத்தில். இன்று சொட்டு மழை இல்லாத இடம், அன்று கடல்.

பத்து மாவுங் அக்கா
புதன், இரவு 11.20

பினாங்கிலிருந்து எழுதுகிறேன். எங்கள் குடும்பம் மூன்று தலைமுறையாக மீன் விற்கிறது. டீச்சர், சுவர் இருக்கட்டும். பிள்ளைகளுக்கு இந்த மீன் எப்படிச் சாப்பிட்டது என்று காட்ட வேண்டுமானால் படமே வேண்டாம், பாசாருக்குப் போய் நாலு கெம்போங் வாங்குங்கள். நம் ஊர்ப் பக்கம் கானாங்கெளுத்தி என்பார்களே, அதேதான்.

மீனை இடது கையில் பிடித்து, கீழ்த்தாடையைப் பெருவிரலால் நன்றாகக் கீழே இழுங்கள். வாய்க்குள்ளே இரண்டு பக்கமும் மெல்லிய, நீளமான முட்கள் வரிசையாகத் தெரியும். சீப்புப் பல் மாதிரி நெருக்கமாக இருக்கும், தொட்டால் வளையும். பலர் அதைச் செவுள் என்று நினைக்கிறார்கள். செவுள் சிவப்பாக அதற்கு வெளிப்பக்கம் இருக்கும். செவுள் மூடியைக் கத்தரிக்கோலால் வெட்டி எடுத்துவிட்டால் ஒரே வளைவில் இரண்டும் தெரியும்: வெளியே சிவப்பு இழைகள், மூச்சுக்கு, உள்ளே வெளிறிய முட்கள், சாப்பாட்டுக்கு. கெம்போங் கூட்டமாக வாயை அகலமாகத் திறந்துகொண்டே நீந்தும். தண்ணீர் செவுள் வழியாக வெளியே போய்விடும், அதில் இருக்கிற பொடிப்பொடி உயிர்கள் முள் வரிசையில் தங்கிவிடும்.

பக்கத்திலேயே ஒரு சியாக்காப்பையும் வெட்டிக் காட்டுங்கள். அது மற்ற மீனைப் பிடித்து விழுங்குகிற மீன். அதன் உள்முட்கள் குட்டையாக, தடித்து, இடைவெளி விட்டு இருக்கும். இரண்டையும் ஒரே தட்டில் வைத்தால் எட்டு வயதுப் பிள்ளைக்கும் விளங்கிவிடும், எது வடிகட்டுகிறது, எது வேட்டையாடுகிறது என்று.

வயது எண்ணுகிற விஷயத்துக்கும் ஒன்று சொல்கிறேன். எங்கள் ஊரில் மீன்வள ஆராய்ச்சிக் கழகம் இருக்கிறது. மீனின் வயதைப் பார்க்க மீன் ஆய்வாளர்கள் தலைக்குள் இருக்கிற காதுக்கல்லை எடுத்து வளையம் எண்ணுவார்கள். குளிர் நாட்டு மீனில் ஆண்டு வளையம் பளிச்சென்று தெரியும். நம் கடல் ஆண்டு முழுக்க ஒரே சூடு, அதனால் வளையம் அவ்வளவு தெளிவாக விழாது.

செந்தூல் டீச்சர்
வியாழன், மாலை 5.02

அக்கா, இதைப் படித்ததும் நேராக அறிவியல் பாட நேரத்துக்கு எடுத்து வைத்துவிட்டேன். மிக்க நன்றி. லீட்ஸிக்திஸின் செவுளிலும் இப்படித்தான் இருக்குமா? சில இணையப் பக்கங்கள் அதற்கு 40,000 பற்கள் என்று எழுதியிருக்கின்றன.

கல்லும் கடலும்
வியாழன், இரவு 8.37

தாடையில் பல்லே இல்லை டீச்சர். பல் என்று எழுதுபவர்கள் சொல்வது செவுள் முட்களின் ஓரத்தில் இருந்த ஊசி போன்ற நுண் எலும்புகளை. செவுள் முட்கள் ஒவ்வொன்றும் சில சென்டிமீட்டர் நீளம். அவற்றின் ஓரத்தில் இந்த நுண் ஊசிகள் நெருங்கி நின்று, முழுவதும் சேர்ந்து வலை ஆகிவிடும். அக்கா சொன்ன அதே வேலைதான்.

இதில்தான் இந்த மீனின் இடம் இருக்கிறது. இன்று கடலில் மிதவை உயிர்களை வடிகட்டித் தின்கிற பேருடல்கள் யாவை? பல்லில்லாத திமிங்கலங்கள், திமிங்கலச் சுறா, இன்னும் சில சுறா, திருக்கை வகைகள். ஜுராசிக்கில் இவை ஒன்றும் இல்லை. அந்தத் தொழிலை அன்று பார்த்தது லீட்ஸிக்திஸும் அதன் உறவு மீன்களும். பாக்கிகார்மிட் என்பது அந்தக் குடும்பம். ஆகப் பெரிய லீட்ஸிக்திஸ் சுமார் 45 டன் எடை இருந்திருக்கலாம் என்று ஒரு கணக்கு இருக்கிறது. இன்றுள்ள எலும்பு மீன்களில் ஆகக் கனமாக எடை போடப்பட்டது, 2021இல் அசோர்ஸ் தீவுப் பக்கம் கிடைத்த சூரிய மீன், 2,744 கிலோ.

பலகையில் உலகின் ஆகப் பெரிய மீன் என்று மட்டும் எழுதிவிடாதீர்கள். திமிங்கலச் சுறா 18 மீட்டருக்கு மேலும் அளக்கப்பட்டிருக்கிறது. அது குருத்தெலும்பு மீன். எலும்பு மீன்களில் ஆகப் பெரியது என்று எழுதினால் சரி.

வரைகோல்
வியாழன், இரவு 10.10

டீச்சர், நான் சுவரோவியம் வரைபவன், பிரிக்பீல்ட்ஸில் பட்டறை. எல்லாரும் நீளத்தையே பேசுகிறீர்கள். உங்கள் சுவர் உயரம் 2.2 மீட்டர் என்று எழுதியிருக்கிறீர்கள். 9 மீட்டர் மீன் என்று கணக்குப் போட்ட வாலே 2.7 மீட்டர் உயரம் என்கிறார் அண்ணன். அப்படியானால் 9 மீட்டருக்கே வால் சுவரைத் தாண்டிவிடும். 16.5 போட்டால் உடம்பே உள்ளே அடங்காது. வாலை அமுக்கி வரைந்தால் மீன் விலாங்கு போல ஆகிவிடும், அதற்கு வரையாமலே இருக்கலாம்.

என் யோசனை: முழு மீனைத் தரையில் வரையுங்கள். பேட்மிண்டன் திடல் 13.4 மீட்டர். அதையும் தாண்டி 3.1 மீட்டர் இடம் இருந்தால் போதும். சாலைக்கோடு போடுகிற வெள்ளைச் சாயம், வெறும் வெளிக்கோடு மட்டும். உள்ளே 9 மீட்டரில் இன்னொரு கோடு, இளைய மீனுக்கு. சுவரில் தலையை மட்டும் உண்மை அளவில், வாய் திறந்தபடி, வண்ணத்தில் வரையலாம். பிள்ளைகள் அந்த வாய்க்குள் நின்று படம் எடுப்பார்கள், நீங்கள் வேண்டாம் என்றாலும். சாயமும் தூரிகையும் நான் கொண்டுவருகிறேன், கூலி வேண்டாம்.

செந்தூல் டீச்சர்
வியாழன், இரவு 10.44

இதை விட நல்ல யோசனை கிடைக்காது. தலைமையாசிரியரிடம் காலையில் பேசுகிறேன். துடுப்புகள், நிறம் பற்றியும் யாராவது சொன்னால் நல்லது.

கல்லும் கடலும்
வெள்ளி, காலை 6.55

மார்புத் துடுப்பு இரண்டும் நீளம், ஒடுக்கம். வயிற்றுத் துடுப்பு கிடையாது. நிறைய ஓவியர்கள் பழக்கத்தில் போட்டுவிடுகிறார்கள், கவனம். வால் நடுவில் பிளந்து, மேல் கீழ் இரண்டும் கிட்டத்தட்ட ஒரே அளவாக, உயரமாக. நிறம் எலும்பில் தங்குவதில்லை. திறந்த கடல் மீன்கள் மேலே கருமை, கீழே வெளுப்பாக இருப்பது வழக்கம், அப்படிப் போட்டால் தவறாகாது.

கெப்போங்காரர்
வெள்ளி, காலை 8.30

தரை யோசனை எனக்கும் பிடித்திருக்கிறது. பெரிய எண்ணின் மேல் எனக்கு இருக்கிற ஆசை போய்விடவில்லை, ஆனால் பிள்ளைகள் நடந்து அளக்கக்கூடிய மீன் என்றால் 16.5க்கு நான் சம்மதம். சாயச் செலவைச் சங்கம் ஏற்கும்.

ஒரு வேண்டுகோள். சுவரில் தலைக்குப் பக்கத்தில் பெரிய லியோப்ளூரோடான் பாய்ந்து கடிப்பது போல வரையலாமா? என் பேரன் வைத்திருக்கிற புத்தகத்தில் அது 25 மீட்டர். இரண்டும் மோதுகிற காட்சி என்றால் கூட்டம் விலகாது.

கல்லும் கடலும்
வெள்ளி, இரவு 9.15

லியோப்ளூரோடான் அதே ஆக்ஸ்ஃபர்ட் களிமண் கடலில் இருந்ததுதான் ஐயா. ஆனால் 25 மீட்டர் இல்லை, 6, 7 மீட்டர். தொலைக்காட்சியில் ஒருமுறை ஊதிப் பெரிதாக்கியது இன்னும் புத்தகங்களில் நிற்கிறது. வளர்ந்த லீட்ஸிக்திஸை அது ஒரே கடியில் கொல்வது போல வரைந்தால் இரண்டு விலங்குக்கும் அநியாயம்.

வேறு ஒரு காட்சி தருகிறேன். லீட்ஸிக்திஸ் எலும்பு ஒன்றில் கடல் முதலை வகையான மெட்ரியோரிங்கஸின் பல் குத்தி நின்று, அதைச் சுற்றிப் புண் ஆறியிருக்கிறது என்று மார்ட்டில் எழுதினார். அது உண்மையிலேயே பல்தானா என்று பிறகு கேள்வி எழுந்திருக்கிறது, அதனால் அதையும் சுவரில் உறுதியாக வரையச் சொல்ல மாட்டேன். கூட்டமாக மீன்கள் வாய் திறந்து நீந்துவதையும், முன்னால் இறால் போன்ற சிறு உயிர்களின் மேகத்தையும் வரையுங்கள். இந்த மீன் செய்த வேலை அதுதான். சண்டை போட்டுப் பெரிதான மீன் இல்லை இது. பொடி உணவைப் பொறுமையாக வடிகட்டியே அந்த உடம்பை வளர்த்தது. அதைக் காட்டாமல் சண்டையைக் காட்டினால் வேறு ஏதோ மீனை வரைந்த மாதிரிதான்.

கெப்போங்காரர்
வெள்ளி, இரவு 9.50

கூட்டமாக என்றால் எத்தனை மீன் வரைய இடம் இருக்கும் என்று வரைகோல் தம்பி சொல்லட்டும். சண்டை வேண்டாம், சரி.

வரைகோல்
வெள்ளி, இரவு 10.05

முன்னால் ஒரு தலை உண்மை அளவில். பின்னால் தூரத்தில் நீந்துவது போல நான்கு, ஐந்து சின்னதாக. நிறையப் போட்டால் முன்னால் இருப்பதன் பெருமை குறைந்துவிடும்.

நீலக்குறிஞ்சி
சனி, காலை 10.22

இந்த வகை மீன்கள் எப்போது அழிந்தன அண்ணா? திமிங்கலம் வந்து சாப்பாட்டைப் பிடுங்கிக்கொண்டதா?

கல்லும் கடலும்
சனி, பிற்பகல் 2.40

இல்லை, திமிங்கலம் வருவதற்கு வெகு காலம் முன்பே போய்விட்டன. லீட்ஸிக்திஸ் பேரினம் ஜுராசிக்கோடு சரி. ஆனால் அதன் குடும்பத்தில் வடிகட்டித் தின்னும் மீன்கள் கிரெட்டேசியஸ் முடிவு வரை இருந்தன என்பது 2010இல்தான் தெளிவானது. அதற்கு முன், லீட்ஸிக்திஸ் ஏதோ சிறிது காலம் வந்து போன தனி மீன் என்றே பலரும் நினைத்திருந்தார்கள்.

மேட் ஃப்ரீட்மனும் கூட்டாளிகளும் அமெரிக்காவின் கான்சஸ் சுண்ணப் படிவிலிருந்து வந்த பழைய எலும்புகளை மறுபடி பார்த்தார்கள். வாள்மூக்கு வேட்டை மீன் ஒன்றின் பெயரில் அருங்காட்சியகத்தில் இருந்தவை. நன்றாகச் சுத்தம் செய்து பார்த்தால் பல்லில்லாத நீளத் தாடை, செவுள் முட்கள். வடிகட்டும் மீன். அதற்கு போனரிக்திஸ் என்று பெயர் வைத்தார்கள். ரின்கோனிக்திஸ் என்று இன்னொன்றும் உண்டு, இங்கிலாந்திலும் பின்னர் ஜப்பானிலும் அமெரிக்காவிலும் கிடைத்தது. எல்லாம் சேர்த்தால் இந்த மீன்கள் கடலில் இந்தத் தொழிலைச் செய்தது 10 கோடி ஆண்டுகள். திமிங்கலங்கள் வடிகட்டத் தொடங்கி அதில் பாதிக் காலம்கூட ஆகவில்லை.

6.6 கோடி ஆண்டுக்கு முன் டைனோசர்களை அழித்த பேரழிவில் கடலின் மிதவை உயிர்கள் சரிந்தன. அவற்றையே நம்பியிருந்த பேருடல் மீன்கள் தாங்கவில்லை. பிறகு அந்த இடம் காலியாகக் கிடந்து, சுறா வகைகளும் திருக்கைகளும், கடைசியாகத் திமிங்கலங்களும் வந்து நிரப்பின.

செந்தூல் டீச்சர்
ஞாயிறு, இரவு 8.05

தலைமையாசிரியர் சம்மதம் சொல்லிவிட்டார். சபை கூடும் தார்த்தரையில் 18 மீட்டர் இருக்கிறது, அளந்துவிட்டோம். வரைகோல் தம்பி சனிக்கிழமை வருகிறார். அக்கா, கெம்போங் பாடத்தை நாளை மறுநாள் ஐந்தாம் ஆண்டுக்கு நடத்தலாம் என்று இருக்கிறேன். 31 பிள்ளைகள். எத்தனை மீன் வாங்கட்டும்? முதல் நாளே வாங்கிக் குளிர்பெட்டியில் வைக்கலாமா?

பத்து மாவுங் அக்கா
ஞாயிறு, இரவு 9.30

நாலு பிள்ளைக்கு ஒரு மீன் போதும், எட்டு கெம்போங், ஒரு சியாக்காப். முதல் நாள் வாங்கினால் ஐஸ் போட்டு வையுங்கள், உறைய வைக்க வேண்டாம். உறைந்து இளகினால் உள்முட்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும், பிள்ளைகளுக்குப் பிரித்துக் காட்ட முடியாது. பெரிய மீனாகக் கேட்டு வாங்குங்கள். வெட்டித் தரவா என்று பாசாரில் கேட்பார்கள், செவுளை எடுத்துவிடுவார்கள். வேண்டாம், முழுசாகவே கொடு என்று சொல்லிவிடுங்கள். வகுப்பில் வெட்டிய செவுளை ஒரு கிண்ணம் தண்ணீரில் போட்டால் முட்கள் தானாக விரிந்து நிற்கும். அதில் ஒரு கரண்டி ரவையைக் கலந்து, செவுளை வைத்து அள்ளிப் பார்க்கச் சொல்லுங்கள்.

கத்தரிக்கோல் நீங்களே பிடியுங்கள். செவுள் மூடியின் ஓரம் கூர்மை, கை கிழிந்துவிடும்.